தோருபுலாக்கின் சுத்தமான தண்ணீர்

இந்த மாதத்தில் மூன்றாவது முறையாகவும் தோருபுலாக் மலைக்கிராமத்துத் தண்ணீரில் ஒன்றுமே முளைக்கவில்லை. ஜிபார் கண்ணாடித் தட்டைச் சன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்தாள். சாய்த்துப் பார்த்தாள். மூக்குக் கண்ணாடியைக் கழற்றி வெள்ளைக் கோட்டில் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் பார்த்தாள். தட்டில் ஊற்றி வைத்த இளஞ்சிவப்புக் கூழ், பெருநாளுக்குக் கழுவிவிட்ட தரை மாதிரிப் பளிச்சென்று கிடந்தது. ஒரு புள்ளி இல்லை.

வேறு யாராவது என்றால் சந்தோஷப்பட்டிருப்பார்கள். ஜிபாருக்கு வயிறு எரிந்தது. அவள் வேலை பார்க்கும் சுகாதார நிலையத்துக்கு நேர் எதிரே, தெருவைத் தாண்டினால் தொற்றுநோய் வார்டு. அங்கே தோருபுலாக்கிலிருந்து வந்த பதினொரு பிள்ளைகள் வயிற்றுப்போக்கில் துவண்டு கிடந்தார்கள். அதில் ஐந்து வயதுப் பெண் ஒன்றுக்குக் கையில் நரம்பு அகப்படாமல் காலில் ஊசி குத்தி மருந்து ஏற்றிக்கொண்டிருந்தார்கள். பெர்மெத் என்று பெயர். ஜிபார் தினமும் காலையில் வார்டு தாதியிடம் அந்தக் குழந்தையைப் பற்றி மட்டும் தனியாக விசாரிப்பாள். "அப்படியேதான் இருக்கா" என்பாள் தாதி. அந்த "அப்படியேதான்" ஜிபாருக்கு நாள் முழுக்கக் காதில் குடைந்துகொண்டே இருக்கும்.

இருபத்தாறு வருஷமாக ஜிபார் தண்ணீர் சோதிக்கிறாள். இந்த மாவட்டத்தில் எந்த ஊர் ஊற்றில் எந்த மாதம் என்ன முளைக்கும் என்று கேட்டால் தூக்கத்தில்கூடச் சொல்லுவாள். கழிவு கலந்த தண்ணீரை இந்தக் கூழில் விட்டு ஒரு நாள் வெதுவெதுப்பான பெட்டியில் வைத்தால் அடர்சிவப்பாகப் புள்ளிகள் கிளம்பும், மேலே ஈயின் முதுகு மாதிரி ஒரு பச்சை மினுக்கம் இருக்கும். கழிவே கலக்காத தண்ணீர் என்றாலும், சாதுவான கிருமிகளுக்கென்று வைக்கிற இன்னொரு தட்டில் நாலைந்து வெளிறிய புள்ளியாவது வரும். உறைபனி உருகி நேராகப் பாறையிலிருந்து வடிகிற தண்ணீர்கூட அவ்வளவு யோக்கியம் கிடையாது. தோருபுலாக்கின் இரண்டு தட்டுகளுமோ துடைத்து வைத்த மாதிரி இருந்தன. குப்பியின் அடியில் மட்டும் வெள்ளையாகச் செதில் செதிலாக ஏதோ படிந்திருந்தது. அந்த ஊற்றில் சுண்ணாம்பு அதிகம் போலிருக்கிறது என்று எழுதி வைத்தாள்.

தட்டைத் தூக்கிக்கொண்டு நேராகத் தலைமை மருத்துவர் சோவெத்பெக்கின் அறைக்குப் போனாள்.

"சோவெத்பெக் அண்ணே, இதப் பாருங்க."

அவர் பார்க்கவில்லை. ஏதோ அறிக்கையில் கோடு போட்டுக்கொண்டிருந்தார். "வந்துச்சா?"

"வரல."

"அப்போ தண்ணி நல்ல தண்ணி. எத்தனை தடவை ஜிபார்? மூணு தடவை சோதிச்சாச்சு. பச்ச ஆப்ரிகாட்டத் தின்னிருக்கும் பசங்க. ஜூன் மாசம் ஆனா மரத்துல ஒரு காய மிச்சம் வைக்குதுங்களா?"

"பதினோரு பேரும் ஒரே வாரத்துலயா? எல்லாருமே ஒரே பாலர் பள்ளியா? அந்தப் பள்ளிக்கூட முத்தத்துல ஆப்ரிகாட் மரமே கெடையாதுண்ணே."

"குழாய மூடணும், லாரியில தண்ணி அனுப்பணும்னா எனக்குக் காகிதம் வேணும். உன் காகிதம். அதுல 'கிருமி காணப்படவில்லை'ன்னு நீயே எழுதிக் கையெழுத்துப் போட்டுட்டு, இப்போ எங்கிட்ட வந்து மூடுன்னா நான் எதவெச்சு மூடுறது? என் வயித்தெரிச்சலவெச்சா?"

அவர் சொன்னதில் ஒரு தப்பும் இல்லை என்பதுதான் ஜிபாருக்கு இன்னும் ஆத்திரமாக இருந்தது. அறைக்குத் திரும்பினாள். ஒருவேளை கூழே கெட்டுப்போயிருக்குமோ என்று நிலையத்தின் பின்னால் ஓடுகிற வாய்க்காலில் ஒரு குப்பி மொண்டு வந்து ஊற்றி வைத்தாள். மறுநாள் காலையில் அம்மை போட்ட முகம் மாதிரித் தட்டு முழுக்கச் சிவந்துவிட்டது. ஆகக் கூழ் நன்றாக இருக்கிறது, பெட்டி நன்றாக இருக்கிறது, ஜிபாரின் கண்ணும் நன்றாகத்தான் இருக்கிறது. அப்படியானால் வழியில்தான் யாரோ கை வைத்திருக்க வேண்டும்.

வழி என்றால் மாமசாலி. நிலையத்து ஜீப்புக்கு இரண்டு வருஷமாகப் பெட்ரோல் கிடையாது. ஜிபார் கிருமி நீக்கி, வாயில் காகிதத் தொப்பி கட்டிக் கொடுத்தனுப்பும் குப்பிகள் கிராமங்களுக்குப் போவதும் நிரம்பி வருவதும் பயணிகள் வேனில்தான். தோருபுலாக் வேனை ஓட்டுகிறவன் மாமசாலி. அன்று மதியம் சந்தைக்கு எதிரே வேன் நிற்குமிடத்துக்கே போய் அவனைப் பிடித்தாள்.

"மாமசாலி, உண்மையச் சொல்லு. குப்பியில இருந்ததக் கொட்டிட்டு வழியில வேற தண்ணி ரொப்பினியா?"

"என்னக்கா, பதினாலு பேர ஏத்திக்கிட்டுக் கணவாய் ஏறுறவன் நானு. நடுவுல எறங்கி உங்க குப்பிக்குத் தண்ணி மாத்துறதுதான் எனக்குப் பொழப்பா?"

"அப்போ எஞ்சின் பக்கத்துல வெச்சு வேக வெச்சிட்டே."

"மடியில வெச்சேன்க்கா! எம் பொண்டாட்டி கட்டிக் குடுக்குற ரொட்டியக்கூட நான் மடியில வெச்சது கெடையாது. உங்க குப்பி, பூப்போட்ட துணியில சுத்தி, கல்யாணப் பொண்ணு மாதிரி வரும். அத மடியில வெச்சு, பள்ளம் வந்தா ஒரு கையால புடிச்சு... நானா வேக வெச்சேன்?"

"கத்தாத."

"நீங்கதான் கத்துறீங்க. சந்தையே பாக்குது." மாமசாலி தொப்பியைக் கழற்றி முழங்காலில் அடித்தான். "இன்னையோட சரி. இனிமே உங்க தண்ணிய நீங்களே சொமந்துக்குங்க. ஒரு சொட்டு என் வண்டியில ஏறாது."

சந்தையே பார்த்தது நிஜம்தான். ஜிபாரின் குரல் அப்படி. கிராமத்துக்காரர்களிடம் அவள் தொலைபேசியில் பேசினால் மலைக்கு அந்தப் பக்கம் தொலைபேசி இல்லாமலே கேட்கும் என்று நிலையத்தில் கேலி செய்வார்கள். அவள் அதைப் பெருமையாகவே எடுத்துக்கொண்டிருந்தாள். கத்தாமல் இந்த ஊரில் எந்தக் குப்பி ஒழுங்காக வந்திருக்கிறது?

ஆக, குப்பியைச் சுமக்க இருந்த ஒருவனையும் விரட்டியாகிவிட்டது. மறுநாள் காலை எட்டரை மணிக்கு ஜிபாரே பனிக்கட்டிப் பெட்டியைத் தோளில் மாட்டிக்கொண்டு வேன் நிற்குமிடத்தில் போய் நின்றாள். வேறு வேன் அந்த ஊருக்குக் கிடையாது. மாமசாலி அவளைப் பார்த்தும் பார்க்காத மாதிரிக் கடைசி இருக்கையைக் காட்டினான். சக்கரத்துக்கு நேர் மேலே, மாவு மூட்டைக்கும் யாரோ ஒருவரின் பதப்படுத்தாத ஆட்டுத்தோலுக்கும் நடுவில். இரண்டரை மணி நேரம். ஒவ்வொரு பள்ளத்திலும் ஜிபாரின் தலை கூரையில் இடித்தது. ஒவ்வொரு முறையும் முன்னால் இருக்கிற கண்ணாடியில் மாமசாலியின் கண் அவளைப் பார்த்துத் திருப்தியடைந்தது.

"திரும்பறது ரெண்டு மணிக்கு. ஒரு நிமிஷம் நிக்க மாட்டேன்" என்று இறங்கும்போது வானத்தைப் பார்த்துச் சொன்னான்.

வேன் நின்றது பாலர் பள்ளி வாசலில். பள்ளியைப் பூட்டியிருந்தார்கள். கதவில் பிளாஸ்டிக் உறைக்குள் ஒரு காகிதம் நாலு மூலையிலும் ஆணியடித்து மாட்டியிருந்தது. ஜிபார் கிட்டே போய்ப் பார்த்தாள். நீல முத்திரை, அவளுடைய சுழித்த கையெழுத்து. "தோருபுலாக் குழாய்த் தண்ணீர்: கிருமி காணப்படவில்லை. குடிக்கத் தகுந்தது." ஏப்ரல் மாதத்துச் சான்று. அதைப் பிடுங்கி எறியலாம் போலிருந்தது. எதற்கென்று அப்போது அவளுக்கே சரியாகத் தெரியவில்லை.

தண்ணீர் எடுத்து அனுப்புகிற பெண்ணின் வீடு பள்ளிக்கு அடுத்த வீடு. பெயர் உல்கான், முப்பத்து மூன்று வயதிருக்கும். ஊரின் மருத்துவ அறையில் பெருக்கித் துடைக்கிற வேலை. போன செப்டம்பரில் அங்கிருந்த நர்ஸ் ரஷ்யாவுக்குப் போனதும், சாவி இவள் கையில் இருந்ததால் குப்பியும் இவள் கைக்கு வந்தது. சுகாதார நிலையத்துக்கு வரவழைத்து அரை நாள் பயிற்சி கொடுத்தது ஜிபார்தான். அதற்குப் பிறகு பேச்சு எல்லாம் தொலைபேசியில்.

உல்கான் மாட்டுத் தொழுவத்திலிருந்து பால் வாளியோடு வந்தவள், ஜிபாரைப் பார்த்ததும் வாளியைக் கீழே வைத்துவிட்டு இரண்டு கையையும் பாவாடையில் துடைத்துக்கொண்டு ஓடி வந்தாள். கண்ணுக்குக் கீழே கறுத்துப் போயிருந்தது. தூங்கிப் பல நாள் ஆன முகம்.

"அக்கா! நீங்களா? சொல்லியிருந்தா ஒரு கோழியாச்சும்... வாங்க, உள்ள வாங்க."

"உக்கார நேரமில்ல உல்கான். குழாய் எங்க?"

"குழாய் எங்கயும் ஓடிடாது. ஒரு துண்டு ரொட்டியப் புட்டு வாயில போடாம எங்க வாசலத் தாண்டிப் போவீங்களா?"

புட்டுத்தான் ஆக வேண்டும். மேசைத் துணி விரித்தாள். ரொட்டி வந்தது, எண்ணெயில் பொரித்த மாவுத் துண்டுகள் வந்தன, பாலாடை வந்தது, கறுப்புத் திராட்சை ஜாம் வந்தது. தேநீரை அரைக் கிண்ணம் அரைக் கிண்ணமாக ஊற்றிக்கொண்டே இருந்தாள். அதுதான் மரியாதை. முழுக் கிண்ணம் ஊற்றினால் குடித்துவிட்டுக் கிளம்பு என்று அர்த்தம். ஜிபாருக்கு முழுக் கிண்ணமாக ஊற்றித் தொலைக்க மாட்டாளா என்றிருந்தது. தண்ணீர் எடுத்த ஆறு மணி நேரத்துக்குள் தட்டில் ஊற்றியாக வேண்டும், வேன் இரண்டு மணிக்கு, மணி பதினொன்றே முக்கால். உல்கானோ இவளுடைய கிண்ணத்தையும் சுவர்க் கடிகாரத்தையும் மாறி மாறிப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள். ஏதோ கேட்க வந்து வந்து முழுங்கினாள்.

"போதும்மா. எழுந்திரு" என்றாள் ஜிபார். "நீ எப்பவும் எப்படித் தண்ணி எடுப்பியோ அப்படியே இப்போ எடு. நான் ஒரு ஓரமா நின்னு பாக்குறேன். வாயத் தொறக்க மாட்டேன்."

உல்கானுக்கு முகம் மலர்ந்தது. பரீட்சைக்கு நன்றாகப் படித்த பிள்ளையின் முகம். தலைத்துணியை இறுக்கிக் கட்டினாள். முழங்கை வரை சோப்புப் போட்டு மூன்று தரம் கழுவினாள். முற்றத்துக் குழாயின் வாயைச் சாராயத்தில் நனைத்த பஞ்சால் துடைத்து, பஞ்சைக் கொளுத்திச் சுட்டாள். குழாயைத் திறந்துவிட்டு, பழைய தண்ணீர் போகட்டும் என்று எண்ணிக்கொண்டு நின்றாள். ஜிபார் மனதுக்குள் தலையாட்டினாள். படித்த நர்ஸ்கள்கூட இவ்வளவு ஒழுங்காகச் செய்வதில்லை. இவள் கையில் ஒரு குற்றமும் இல்லை. மாமசாலிதான். ரெண்டு மணிக்கு வரட்டும், பேசிக்கொள்கிறேன்.

அப்போது உல்கான் ஒரு கெட்டிலை எடுத்து வந்து குழாயடியில் பிடித்தாள். பளபளவென்று தேய்த்த கெட்டில். நிரம்பியதும் உள்ளே கொண்டுபோய் அடுப்பில் ஏற்றினாள்.

"ஐயோ, இன்னும் தேநீரா?" என்றாள் ஜிபார். "வயித்துல இடமில்ல உல்கான். முதல்ல குப்பியப் புடி."

"தேநீர் இல்லக்கா. இது ஆபீசுக்கு."

"என்ன ஆபீசுக்கு?"

"குப்பிக்குத்தான். பத்து நிமிஷம் நல்லாத் தளதளன்னு கொதிக்கணும். அப்பறம் மூடி வெச்சு ஆற விட்டுத்தான் ஊத்துவேன்."

ஜிபார் அடுப்பைப் பார்த்தாள். கெட்டிலைப் பார்த்தாள். அதன் மூக்கின் உள்பக்கம் வெள்ளையாகச் செதில் செதிலாகப் படிந்திருந்தது. குப்பியின் அடியில் பார்த்த அதே செதில். ஊற்றில் சுண்ணாம்பு அதிகம் என்று இருபத்தாறு வருஷத்து அனுபவம் எழுதி வைத்த செதில்.

"எத்தன... எத்தன தடவ இப்படிக் கொதிக்க வெச்சு அனுப்பினே?"

"ஏழெட்டு மாசமா எல்லாத் தடவையும்தான். பச்சத் தண்ணிய எப்படிக்கா அனுப்புறது? வாசல்ல ஒரு விருந்தாளி வந்து நின்னா பச்சத் தண்ணியா குடுப்போம்? அதுலயும் டாக்டருங்க கைக்குப் போறது."

"அடிப் பைத்தியக்காரி!" ஜிபாரின் குரல் முற்றத்தில் மேய்ந்த கோழிகளைச் சிதற அடித்தது. "நாங்க என்ன தண்ணியக் குடிக்கவா கேட்டோம்? உள்ள கிருமி இருக்கான்னு பாக்கக் கேட்டோம்! அதக் கொன்னுட்டுப் பொணத்த அனுப்பியிருக்கே! மூணு தடவ நான் கண்ணு பூக்க உக்காந்து... பதினோரு பிள்ளைங்க... உனக்கு மூளைன்னு ஒண்ணு இருக்கா?"

உல்கான் பின்வாங்கவில்லை.

"நீங்கதானேக்கா சொன்னீங்க."

"நான் கொதிக்க வைக்கச் சொன்னேனா?"

"போன அக்டோபர்ல முதல் தடவ குழாய்லேந்து அப்படியே புடிச்சுத்தான் அனுப்பினேன். நீங்க போன் பண்ணினீங்க." உல்கான் ஒரு வார்த்தையும் விடாமல் சொன்னாள், மனப்பாடமாகிப்போன பாட்டைச் சொல்வது போல. "'உன் குப்பி முழுக்கக் கிருமிடி. சாணி அள்ளின கையோட தொட்டியா? கையக் கழுவ உங்க ஊர்ல தெரியாதா? இனிமே குப்பிக்குள்ள ஒரு கிருமி வந்துச்சுன்னா உன்னைய வேலையவிட்டுத் தூக்கச் சொல்லுவேன்'னீங்க. நான் கைய நல்லாக் கழுவித்தான்க்கா எடுத்தேன். நீங்க நம்பல. அதான் அதுக்கப்புறம் கொதிக்க வெச்சேன். கொதிக்க வெச்சா ஒரு கிருமியும் இருக்காதே. நீங்களும் திட்டல. காகிதம் வந்துச்சு, முத்திரையோட. ஊரே என்னையப் பாராட்டுச்சு."

ஜிபாருக்கு அக்டோபர் நினைவுக்கு வந்தது. மெல்ல வந்திருந்தால்கூடப் பரவாயில்லை, மொத்தமாக வந்து விழுந்தது. தட்டு முழுக்கச் சிவப்பு. பெருக்கித் துடைக்கிறவள் எடுத்த குப்பி, வேறு எப்படி இருக்கும் என்று பார்த்தவுடனே முடிவு கட்டியிருந்தாள். பதிவேட்டில் சிவப்புப் பென்சிலால் "மாதிரி கெட்டது, மறுபடி எடுக்கவும்" என்று எழுதிவிட்டுத் தொலைபேசியைத் தூக்கியிருந்தாள். அன்றைக்கு அந்தக் குப்பி உண்மையைச் சொல்லியிருக்கிறது. இவள்தான் அதன் வாயை அடைத்திருக்கிறாள்.

கெட்டில் கொதிக்க ஆரம்பித்தது. இருவருமே அதை இறக்கவில்லை.

"பள்ளிக்கூடத்துல என்ன தண்ணி குடிச்சாங்க பிள்ளைங்க?" என்றாள் ஜிபார். கேட்கும்போதே பதில் தெரிந்துவிட்டது.

"முன்னயெல்லாம் கொதிக்க வெச்சுத்தான் குடுப்பாங்க. மே மாசம் அந்த மின்சாரக் கொதிகலன் போயிடுச்சு. சமையக்கார அக்கா உங்க காகிதத்தக் காட்டி, மாவட்டமே சுத்தம்னு சொல்லிடுச்சு, இன்னும் எதுக்கு வெறகச் செலவழிக்கணும்னு விட்டுட்டாங்க. வீடுங்கள்லயும் அப்படித்தான்." உல்கான் தலைத்துணியின் முனையை வாயில் வைத்து அழுத்திக்கொண்டாள். "ஆபீசுக்குக் கொதிக்க வெச்சேன்க்கா. எம் பொண்ணுக்குப் பச்சையாக் குடுத்தேன். உங்க காகிதத்துல சுத்தம்னு இருந்துச்சே."

"உம் பொண்ணா?"

"பெர்மெத். கால்ல மருந்து ஏத்துறாங்களே, அவ. எந்தங்கச்சி கூட இருக்கா. நான் மாட்டக் கறக்க நேத்து சாயங்காலம் வந்தேன். ரெண்டு மணி வண்டிக்குப் போகணும். வந்ததுலேந்து உங்ககிட்டக் கேக்கணும்னு இருக்கேன்க்கா. இன்னைக்குக் காலைல அவளப் பாத்தீங்களா? எப்படி இருக்கா?"

ஜிபார் கெட்டிலை அடுப்பிலிருந்து இறக்கி வைத்தாள். அடுப்படி முக்காலியில் உட்கார்ந்தாள். இத்தனை நேரம் தன் பிள்ளையைப் பற்றிக் கேட்காமல், விருந்தாளியின் கிண்ணம் காலியாகிறதா என்று பார்த்துப் பார்த்து ஊற்றிக்கொண்டிருந்திருக்கிறாள் இவள். வெட்கத்தில் ஜிபாருக்கு முகம் எரிந்தது. இதுவரை ஊரில் அத்தனை பேர் மேலும் எரிந்து விழுந்தாயிற்று, மருத்துவர் மேல், டிரைவர் மேல், இவள் மேல். இனி விழுவதற்கு ஒரே ஒரு ஆள்தான் பாக்கி.

"அப்படியேதான் இருக்கா" என்றாள். இன்று காலை அவளுக்கும் அவ்வளவுதான் சொல்லியிருந்தார்கள்.

பிறகு எழுந்து போய், குழாயைத் திறந்து, குப்பியின் காகிதத் தொப்பியை அவிழ்த்து அவளே பச்சைத் தண்ணீரைப் பிடித்தாள். மூன்று குப்பிகள். ஒன்று இங்கே, ஒன்று பள்ளிக் குழாயில், ஒன்று ஊற்றடியில். ஊற்றின் வேலியைப் போன வருஷத்து வெள்ளம் பெயர்த்துப் போட்டது, அப்படியே கிடந்தது. மேய்ச்சலுக்கு மலையேறின மந்தைகள் அதற்குள்ளேயே இறங்கிக் குடித்துவிட்டுப் போயிருந்தன. சேற்றில் குளம்படிகள் அப்படி அப்படியே காய்ந்து கிடந்தன. யாராவது ஒருவர் வந்து எட்டிப் பார்த்திருந்தால் சோதனையே தேவைப்பட்டிருக்காது. பதிவேடு சுத்தமாக இருக்கும்போது யார் வந்து எட்டிப் பார்ப்பார்கள்?

இரண்டு மணிக்கு வேனில் மாமசாலி இருவரையும் பார்த்தான். உல்கான் அழுதிருப்பதையும் பார்த்தான்.

"மாமசாலி, தப்பு எம் மேலதான்" என்றாள் ஜிபார். "நீ ஒண்ணும் பண்ணல. சந்தையில வெச்சு உன்னையத் திட்டினேன், வேணும்னா சந்தையில வெச்சே மன்னிப்புக் கேக்குறேன்."

அவன் தொப்பியைச் சரிசெய்துகொண்டான். "முன்னால உக்காருங்கக்கா. ரெண்டு பேரும். பெட்டிய மடியில வெச்சுக்குங்க, பள்ளத்துல மெதுவாப் போறேன்" என்றான்.

மறுநாள் மதியம் மூன்று தட்டுகளையும் சன்னலில் தூக்கிப் பிடித்தாள். நூறு வரைக்கும் எண்ணிவிட்டு நிறுத்திவிட்டாள். பச்சை மினுக்கத்தோடு ஒன்றன்மேல் ஒன்று ஏறிக்கிடந்தன. ஒரு மாதமாக இந்தச் சிவப்பைப் பார்க்கத்தான் தவித்தாள். பார்த்தபோது ஒரு பொட்டுச் சந்தோஷம் வரவில்லை.

சோவெத்பெக் உடனே கையெழுத்துப் போட்டார். குழாயை மூட உத்தரவு, இரண்டு லாரித் தண்ணீர், ஊற்றுக்கு வேலி, குளோரின். அரை மணியில் எல்லாம் முடிந்தது. காகிதம் இருந்தால் எவ்வளவு சுலபம் என்று ஜிபார் கசப்போடு நினைத்துக்கொண்டாள். அவள் கிளம்பும்போது அவர் கூப்பிட்டார்.

"பழைய சான்றுங்களுக்கு என்ன பதில் சொல்றது? மேலேந்து கேப்பாங்க. மாதிரி எடுத்தவளோட தவறுன்னு ஒரு வரி எழுதிடு. அந்தப் பெருக்குறவதானே?"

"அவளோட பொண்ணு வார்டுல கெடக்குதுண்ணே."

"அது வேற விஷயம். யாரோ ஒருத்தர் பேர்ல எழுதித்தானே ஆகணும்? உனக்கு ஓய்வூதியத்துக்கு இன்னும் ஆறு வருஷம் இருக்கு, யோசிச்சு எழுது."

ஜிபார் பதிவேட்டைத் திறந்தாள். அக்டோபருக்குப் போனாள். சிவப்புப் பென்சில் வரி அங்கேயே இருந்தது. அதை அடித்து, பக்கத்தில் நீல மையில் எழுதினாள்: "மாதிரி சரியானது. சோதித்தவர் ஏற்கவில்லை." அதற்கப்புறம் வந்த ஒவ்வொரு "காணப்படவில்லை"க்கும் எதிரே "கொதித்த நீர். காரணம்: சோதனைக்கூடத்தின் தவறான அறிவுறுத்தல்" என்று எழுதி ஒவ்வொன்றிலும் தன் பெயரை முழுசாகப் போட்டாள்.

பிறகு ஒரு வெள்ளைத் தாளை எடுத்து, எல்லாக் கிராமங்களுக்கும் அனுப்பப் புதிய அறிவுறுத்தல் எழுத உட்கார்ந்தாள். பழையதில் பதினேழு கட்டளைகள் இருந்தன, எல்லாம் கூடாது கூடாது என்று. புதியதில் முதல் வரி இப்படி வந்தது: "குழாயில் வருகிற தண்ணீரை அப்படியே அனுப்புங்கள். அதில் கிருமி இருந்தால் அது உங்கள் குற்றம் இல்லை. நாங்கள் விருந்தாளிகள் அல்ல."

மை காய்ந்ததும் முதல் பிரதியை எடுத்துக்கொண்டு தெருவைத் தாண்டி வார்டுக்குப் போனாள். பெர்மெத் தூங்கிக்கொண்டிருந்தாள். மருந்துக் குழாய் இன்னும் காலில்தான் இருந்தது. உதடு மட்டும் கொஞ்சம் ஈரமாக இருந்த மாதிரித் தோன்றியது. தோன்றியதா, நிஜமா என்று ஜிபாருக்குச் சொல்லத் தெரியவில்லை. இத்தனை வருஷத்தில் அவள் தட்டுகளைத்தான் பார்த்திருக்கிறாள், பிள்ளைகளைப் பார்த்ததில்லை.

"காலைல ரெண்டு வாய் கஞ்சி குடிச்சாக்கா" என்றாள் உல்கான். தாளை வாங்கி உதட்டை அசைத்து அசைத்துப் படித்தாள். முதல் வரியை இரண்டு தரம் படித்தாள்.

"அப்படியேவாக்கா? பச்சையாவே?"

"அப்படியேதான்."

உல்கான் தாளை நாலாக மடித்துப் பையில் வைத்தாள். பிறகு, கிளம்ப நிற்கிறவளை வெறும் வாயோடு அனுப்பக் கூடாது என்று நினைவு வந்தவள் போல, கட்டிலுக்கடியில் இருந்து பிளாஸ்கை எடுத்துக் கிண்ணத்தில் பாதி ஊற்றி இரண்டு கையாலும் நீட்டினாள்.

"தேயிலை இல்லக்கா, வெறும் தண்ணிதான். ஆனா நல்லாக் கொதிச்சது, பயப்படாமக் குடிங்க."

ஜிபார் கிண்ணத்தை வாங்கிக்கொண்டாள். பெர்மெத்தின் கட்டிலோரமாகவே உட்கார்ந்து அதைக் குடித்தாள்.